அப்பீல் போட்டால் ஜீவனாம்சம் நிற்குமா?

2013-ம் ஆண்டு ஜனவரி மாதம். ஒரு பெண் கைக்குழந்தையுடன் கணவர் வீட்டை விட்டு வெளியேறினார். குழந்தை பிறந்து அதிக நாள் ஆகவில்லை.

அந்த ஆண்டு செப்டம்பர் 2-ந் தேதி அவர் கோர்ட்டுப் படி ஏறினார். தனக்கும் தன் மகனுக்கும் கணவர் ஜீவனாம்சம் தர வேண்டும், வழக்கு முடியும் வரை இடைக்கால ஜீவனாம்சம் தர வேண்டும் என்று மனு கொடுத்தார்.

வழக்கு நடந்த ஊர் நாக்பூர்.

உத்தரவு வர ஏறக்குறைய இரண்டு ஆண்டு ஆயிற்று. 2015 ஆகஸ்டு 24-ந் தேதி குடும்பநல கோர்ட்டு உத்தரவு போட்டது. மனைவிக்கு மாதம் ரூ.15 ஆயிரம். மகனுக்கு முதல் இரண்டு ஆண்டுக்கு மாதம் ரூ.5 ஆயிரம், அதன் பிறகு மாதம் ரூ.10 ஆயிரம். கணக்கு 2013 செப்டம்பர் 1-ந் தேதியில் இருந்து தொடங்கும்.

அதாவது, உத்தரவு பிறந்தபோதே 24 மாதக் கணக்கு ஏறி இருந்தது. மாதம் ரூ.20 ஆயிரம் வீதம் 4 லட்சத்து 80 ஆயிரம் ரூபாய்!

கணவர் இதை ஒப்புக்கொள்ளவில்லை. பம்பாய் ஐகோர்ட்டின் நாக்பூர் கிளைக்குப் போனார். அங்கே மூன்று ஆண்டு ஓடியது. 2018 ஆகஸ்டு 14-ந் தேதி அவர் மனு தள்ளுபடி ஆயிற்று. இந்த மூன்று ஆண்டில் மாதம் ரூ.25 ஆயிரம் வீதம் இன்னும் 9 லட்சம் ரூபாய் கணக்கில் ஏறியது.

அப்போதும் அவர் விடவில்லை. சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்.

அங்கே என்ன நடந்தது என்பது கடைசியில் வருகிறது. அதற்கு முன்னால், இது என்ன உத்தரவு, இதை எதிர்த்து எங்கே போகலாம், போனால் என்ன கிடைக்கும் என்று தெரிந்துகொள்வது நல்லது. நாக்பூர் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு வகுத்த விதிகள்தான் இன்று சென்னை, மதுரை, கோவை கோர்ட்டுகளிலும் நடைமுறையில் இருக்கின்றன.

அடுப்பு காத்திருக்காது

ஜீவனாம்ச வழக்கு ஒரே நாளில் முடியாது. நோட்டீசு போக வேண்டும். பதில் வர வேண்டும். சாட்சி சொல்ல வேண்டும். குறுக்கு விசாரணை நடக்க வேண்டும். நடுவில் எத்தனையோ வாய்தா!

அதுவரை வீட்டு வாடகையை யார் கொடுப்பது? பிள்ளையின் பள்ளிச் சம்பளத்தை யார் கட்டுவது? தீர்ப்பு வரட்டும் என்று அடுப்பு காத்திருக்குமா?

இதற்காக ஏற்பட்டதுதான் இடைக்கால ஜீவனாம்சம். யார் பக்கம் நியாயம் என்று முழுவதும் விசாரித்து முடிப்பதற்கு முன்பே, மேலோட்டமாகப் பார்த்து, "இப்போதைக்கு மாதம் இவ்வளவு கொடு" என்று கோர்ட்டு சொல்லும். இறுதித் தீர்ப்பில் அந்தத் தொகை கூடலாம், குறையலாம், இல்லாமலும் போகலாம்.

முன்பு கிரிமினல் நடைமுறைச் சட்டத்தில் "இடைக்கால" என்ற சொல்லே கிடையாது. சட்டத்தில் சொல்லாவிட்டாலும் மாஜிஸ்திரேட்டு அப்படி உத்தரவு போடலாம் என்று 1985-ல் சுப்ரீம் கோர்ட்டு கூறியது. 2001-ல் சட்டத்தையே திருத்தி, அந்த அதிகாரத்தை எழுதி வைத்தார்கள். நோட்டீசு கிடைத்த 60 நாளுக்குள் இடைக்கால மனுவை, முடிந்தவரை, முடிக்க வேண்டும் என்றும் எழுதினார்கள். மாதம் 500 ரூபாய்க்கு மேல் ஜீவனாம்சம் கிடையாது என்று இருந்த பழைய வரம்பும் அந்தத் திருத்தத்தில்தான் ஒழிந்தது.

அந்தச் சட்டத்தின் 125-வது பிரிவு இப்போது புதிய சட்டத்தில் 144-வது பிரிவு ஆகிவிட்டது. 2024 ஜூலை 1-ந் தேதி முதல் இந்த மாற்றம். எண்தான் மாறியது. மனைவி, பிள்ளைகள், பெற்றோர் கேட்கலாம் என்ற அடிப்படை மாறவில்லை.

எந்த வாசல்?

இடைக்கால உத்தரவு வந்துவிட்டது. தொகை அதிகம் என்று கணவர் நினைக்கிறார். எங்கே போவது?

இங்கேதான் பலர் தடுமாறுகிறார்கள். உத்தரவு எந்தச் சட்டத்தின்படி வந்தது என்று முதலில் பார்க்க வேண்டும். வாசல் அதைப் பொறுத்தது.

125-வது பிரிவு, அதாவது இன்றைய 144-வது பிரிவின்படி குடும்பநல கோர்ட்டு உத்தரவு போட்டிருந்தால் அப்பீல் கிடையாது. 1984-ம் ஆண்டு குடும்பநல கோர்ட்டுச் சட்டம் அதைத் தெளிவாகத் தடுக்கிறது. ஐகோர்ட்டில் சீராய்வு மனு, அதாவது வக்கீல்கள் "ரிவிஷன்" என்று சொல்லும் மனுதான் போடலாம். அதற்குக் கெடு 90 நாள்.

அதிலும் ஒரு சிக்கல் உண்டு. வழக்கின் நடுவில் வரும் சில்லறை உத்தரவுகளை எதிர்த்து ரிவிஷன் போட முடியாது என்று சட்டம் சொல்கிறது. வாய்தா கொடுத்தது, சாட்சிக்கு சம்மன் அனுப்பியது போன்றவை அந்த ரகம். மாதா மாதம் பணம் கொடு என்ற உத்தரவும் அந்த ரகமா? இல்லை, அது ஒருவருடைய உரிமையையே தொடுகிறது என்று பல ஐகோர்ட்டுகள் கூறி, ரிவிஷனை ஏற்கின்றன. வேறு சில இடங்களில் அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவின்படியோ, ரிட் மனுவாகவோ வருகிறார்கள். நாக்பூர் கணவர் போட்டது ரிட் மனு.

விவாகரத்து வழக்கு நடக்கும்போது, இந்து திருமணச் சட்டம் 24-வது பிரிவின்படி இடைக்கால ஜீவனாம்சம் வந்திருந்தால் கதை வேறு. இந்தப் பிரிவில் வருமானம் இல்லாத கணவரும் மனைவியிடம் கேட்கலாம்! இந்த உத்தரவை எதிர்த்து அப்பீல் உண்டா, இல்லையா என்பதில் ஐகோர்ட்டுகளுக்குள்ளேயே ஒத்த கருத்து இல்லை. தமிழ்நாட்டில் பெரும்பாலும் 227-வது பிரிவின்படி சிவில் சீராய்வு மனுவாகவே சென்னை ஐகோர்ட்டுக்கோ, மதுரைக் கிளைக்கோ வருகின்றன.

குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின்படி மாஜிஸ்திரேட்டு கோர்ட்டில் உத்தரவு வந்திருந்தால் வழி நேரானது. 30 நாளுக்குள் செசன்சு கோர்ட்டில் அப்பீல்.

வாசல் மாறிப் போனால் மனு திரும்பி வரும். அதற்குள் கெடு தாண்டிவிடும். உத்தரவின் நகலைக் கையில் வாங்கியதும் முதலில் பார்க்க வேண்டியது தொகையை அல்ல. எந்தப் பிரிவு என்பதை.

"ஸ்டே வாங்கலையே தம்பி!"

கோர்ட்டு வராந்தாவில் அடிக்கடி காதில் விழும் பேச்சு இது.

"அதான் ஐகோர்ட்டுல மனு போட்டாச்சே சார், இனிமே எதுக்குப் பணம் கட்டணும்?"

"மனுதானே போட்டிருக்கு? ஸ்டே வாங்கலையே தம்பி!"

வக்கீல் சொல்வதுதான் சட்டம். மனு போட்டதால் மட்டும் உத்தரவு நிற்காது. ஐகோர்ட்டு தடை கொடுத்தால்தான் நிற்கும். அந்தத் தடையையும் சும்மா கொடுப்பதில்லை. பாக்கியில் ஒரு பகுதியை முதலில் கட்டு, மாதத் தொகையில் இவ்வளவு கொடுத்துக்கொண்டே இரு என்று நிபந்தனை போடுவதுதான் வழக்கம்.

பணமும் கட்டாமல், தடையும் வாங்காமல் இருந்தால்? மனைவி நிறைவேற்று மனு போடுவார். வாரண்டு வரும். ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறையில் வைக்கலாம். "உள்ளே போய்விட்டு வந்தால் கடன் தீர்ந்தது" என்று நினைப்பவர்களும் இருக்கிறார்கள். தீராது! சிறை என்பது பணத்தை வாங்குவதற்கு ஒரு வழியே தவிர, பணத்துக்குப் பதில் அல்ல என்று 1988-லேயே சுப்ரீம் கோர்ட்டு கூறிவிட்டது.

மனைவி பக்கமும் ஒரு கெடு உண்டு. 144-வது பிரிவு உத்தரவின்படி பாக்கியை வசூலிக்க வாரண்டு கேட்பவர், அந்தத் தொகை கொடுக்க வேண்டிய நாளில் இருந்து ஓர் ஆண்டுக்குள் மனு போட வேண்டும். "இன்று கொடுப்பார், நாளை கொடுப்பார்" என்று காத்திருந்து கெடுவைத் தவறவிட்ட பெண்கள் உண்டு.

எடுபடாத காரணங்கள்

ஐகோர்ட்டு வழக்கைப் புதிதாக விசாரிப்பதில்லை. சாட்சியைக் கூண்டில் ஏற்றுவதில்லை. கீழ்க்கோர்ட்டு சட்டப்படி நடந்ததா, காரணம் சொல்லி இருக்கிறதா, கணக்கு நியாயமானதா என்றுதான் பார்க்கும். ஆகவே, "அவள்தான் சண்டை போட்டாள்", "என் அம்மாவை மதிக்கவில்லை" என்று பக்கம் பக்கமாக எழுதிப் பயன் இல்லை. அது பெரிய வழக்கில் பேச வேண்டிய பேச்சு.

"எனக்கு வேலை இல்லை" என்பதும் தனியாக எடுபடாது. உடம்பில் தெம்பு இருக்கிற கணவன் கூலி வேலை செய்தாவது மனைவி மக்களைக் காப்பாற்றக் கடமைப்பட்டவன் என்று 2022-ல் சுப்ரீம் கோர்ட்டு கூறியது. தொழில் நொடித்துவிட்டது என்று ஒரு கணவர் சொன்ன வழக்கு அது.

"அவள் படித்தவள், சம்பாதிக்க முடியும்" என்பது அடுத்தது. சம்பாதிக்கும் தகுதி வேறு, உண்மையில் சம்பாதிப்பது வேறு என்று 2017-ல் வந்த தீர்ப்பு இதற்குப் பதில். மனைவி வேலைக்குப் போகிறார் என்றாலும், அந்தச் சம்பளம் அவர் வாழ்ந்த நிலைக்குப் போதுமா என்ற கேள்வி உண்டு.

"வீட்டுக் கடன், கார் கடன் தவணை போக மிச்சமே இல்லை" என்று கணக்குக் காட்டுவார்கள். வருமான வரி, வருங்கால வைப்பு நிதி போன்ற கட்டாயப் பிடித்தங்களைக் கோர்ட்டு கழித்துப் பார்க்கும். தானாக வாங்கிய கடனை அவ்வளவு சுலபமாகக் கழிக்காது.

"கல்யாணமே செல்லாது" என்றால்? திருமணம் செல்லாது என்று தோன்றினாலும், வழக்கு நடக்கும் வரை 24-வது பிரிவின்படி இடைக்கால ஜீவனாம்சம் கொடுக்கச் சொல்லலாம் என்று 2025 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட்டு கூறியது. கொடுப்பதா, வேண்டாமா என்பதை இரு பக்கத்தார் நடத்தையையும் பார்த்து அந்தந்தக் கோர்ட்டு முடிவு செய்யும்.

எடுபடும் காரணங்கள்

அப்படியானால் கணவருக்கு வழியே இல்லையா? உண்டு. உத்தரவு தவறாக இருந்தால் திருத்தத்தான் மேல்கோர்ட்டு இருக்கிறது.

நோட்டீசு வந்து சேரவே இல்லை. பழைய விலாசத்துக்குப் போய்த் திரும்பியது. ஆள் இல்லாமல் ஒருதலைப்பட்சமாக உத்தரவு வந்தது என்று வைத்துக்கொள்வோம். இதற்கு ஐகோர்ட்டுக்கு ஓட வேண்டியதே இல்லை. 144-வது பிரிவு வழக்கானால், உத்தரவு போட்ட கோர்ட்டிலேயே மூன்று மாதத்துக்குள் தக்க காரணம் காட்டி ரத்து செய்யக் கேட்கலாம்.

மாதம் ரூ.30 ஆயிரம் சம்பளம் வாங்குகிறவருக்கு, சம்பளச் சீட்டைப் பார்க்காமலே ரூ.20 ஆயிரம் உத்தரவு வந்தால், அது எடுபடும் காரணம். வயதான தாய், படிக்கும் தங்கை ஆகியோர் இவர் கையை எதிர்பார்த்து இருப்பதைக் கோர்ட்டு கணக்கில் எடுக்கவில்லை என்றாலும் சொல்லலாம். குடும்ப வன்முறை வழக்கில் ஏற்கனவே மாதம் ஒரு தொகை கொடுத்து வருகிறார். அதைக் கழிக்காமல் இன்னொரு கோர்ட்டு இன்னொரு தொகை போட்டது என்றால், அதுவும் வலுவான காரணம்தான். முதல் உத்தரவை இரண்டாவது கோர்ட்டில் மறைக்காமல் சொல்ல வேண்டியது மனைவியின் கடமை.

உத்தரவு வந்தபோது சரியாகத்தான் இருந்தது, பிறகு வேலை போய்விட்டது என்றால் மேல்கோர்ட்டு சரியான இடம் அல்ல. நிலைமை மாறிவிட்டது என்று கீழ்க்கோர்ட்டிலேயே மனு போட்டுத் தொகையைக் குறைக்கக் கேட்க வேண்டும். விலைவாசி ஏறிவிட்டது, பிள்ளை பெரிய வகுப்புக்குப் போய்விட்டான் என்று மனைவியும் கூட்டிக் கேட்கலாம்.

எல்லாவற்றுக்கும் தாள் வேண்டும். பணத்தைக் கையில் கொடுத்துவிட்டு, ரசீது இல்லாமல் கோர்ட்டில் சத்தியம் செய்கிறவர்களைப் பார்த்தால் பரிதாபமாக இருக்கும். வங்கி மூலம் அனுப்பினால் இந்தத் தொல்லை இல்லை.

மகள் போட்ட வழக்கு

மேல்கோர்ட்டுக்குப் போவது கணவர்கள் மட்டும் அல்ல. தொகை போதாது என்று மனைவியும் போகலாம், பிள்ளைகளும் போகலாம்.

ஒரு சிறுமியின் வழக்கு 2023 நவம்பரில் சுப்ரீம் கோர்ட்டில் முடிந்தது. குடும்பநல கோர்ட்டு அவளுக்கு மாதம் ரூ.20 ஆயிரம் கொடுக்கச் சொன்னது. தந்தை ஐகோர்ட்டுக்குப் போனார். அங்கே அது ரூ.7,500 ஆகக் குறைந்தது. நாக்பூர் வழக்கில் சொன்ன விதிகளைப் பின்பற்றவில்லை என்று கூறி, சுப்ரீம் கோர்ட்டு அந்தக் குறைப்பை ரத்து செய்தது. மறுபடி விசாரிக்கும்படி ஐகோர்ட்டுக்கே திருப்பி அனுப்பியது.

வக்கீல் வைக்கப் பணம் இல்லை என்று பெண்கள் தயங்க வேண்டியது இல்லை. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும், வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல், இலவச சட்ட உதவி உண்டு. மாவட்டக் கோர்ட்டு வளாகத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம். வருமானம் குறைந்த ஆண்களும் இந்த உதவியைப் பெறலாம்.

அந்த நாக்பூர் வழக்கு...

சுப்ரீம் கோர்ட்டில் கணவரின் குறை என்ன? 2013-ல் கொடுக்க வேண்டிய தொகையை, 2006-ம் ஆண்டு வருமான வரிக் கணக்கைப் பார்த்து முடிவு செய்துவிட்டார்கள் என்பது அதில் ஒன்று.

"சரி, எல்லாக் கணக்கையும் கொண்டு வா" என்பது போல் இருந்தது நீதிபதிகள் போட்ட உத்தரவு. 2005-2006 முதல் அன்றுவரை எல்லா வருமான வரிக் கணக்கையும் தாக்கல் செய்யச் சொன்னார்கள். பாஸ்போர்ட்டு நகலையும் கேட்டார்கள். 2019 செப்டம்பரில், பாக்கியில் 2 லட்சமும், அவரே ஒப்புக்கொண்ட 3 லட்சமும் கட்டச் சொன்னார்கள். அக்டோபரில் பார்த்தால் ஒரு பகுதிதான் கட்டி இருந்தார். நவம்பர் 30-ந் தேதிக்குள் மீதியைக் கட்டாவிட்டால் கோர்ட்டு அவமதிப்பு நடவடிக்கை என்று எச்சரித்தார்கள்.

தீர்ப்பு 2020 நவம்பர் 4-ந் தேதி வந்தது. நீதிபதி இந்து மல்கோத்ரா, நீதிபதி சுபாஷ் ரெட்டி இருவரும் வழங்கிய தீர்ப்பு அது. குடும்பநல கோர்ட்டு சொன்ன தொகையில் மாற்றம் இல்லை. 12 வாரத்துக்குள் பாக்கி முழுவதையும் கட்ட வேண்டும் என்றார்கள்.

ஒரு இடைக்கால மனு ஏழு ஆண்டு நடந்ததே என்று நீதிபதிகள் கவலைப்பட்டார்கள். அதனால் நாடு முழுவதற்கும் விதிகள் வகுத்தார்கள். ஜீவனாம்ச வழக்கில் கணவர், மனைவி இருவருமே சொத்து, கடன், வருமானம், செலவு எல்லாவற்றையும் பிரமாண பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். விவசாயம் செய்பவர்களுக்குத் தனிப் படிவம். மனைவி மனுவோடு சேர்த்தே கொடுக்க வேண்டும். கணவர் நாலு வாரத்துக்குள் கொடுக்க வேண்டும். பொய் சொன்னால் அதற்குத் தனி நடவடிக்கை. பிரமாண பத்திரங்கள் வந்தபின் நாலு முதல் ஆறு மாதத்துக்குள் இடைக்கால உத்தரவு வர வேண்டும். ஜீவனாம்சம் மனு போட்ட நாளில் இருந்தே கணக்கு.

இன்று இடைக்கால உத்தரவை எதிர்த்து வரும் மனுவில், ஐகோர்ட்டு முதலில் தேடுவது இந்தப் பிரமாண பத்திரத்தைத்தான். "வருமானம் இல்லை" என்று சொல்பவர் அதைத் தாக்கல் செய்யாமலே வந்திருந்தால், அவர் பேச்சுக்கு மதிப்பு ஏது?

கைக்குழந்தையாக வீட்டை விட்டு வந்த அந்த மகனுக்கு, தீர்ப்பு வந்தபோது ஏறக்குறைய எட்டு வயது. அவன் தாய் ஜெயித்தது இடைக்கால மனுவில்தான். 2013-ல் போட்ட ஜீவனாம்ச வழக்கு குடும்பநல கோர்ட்டில் அப்போதும் முடியாமல் இருந்தது.